சுத்தக்காரி

முத்தையாபுரத்தில் ஹார்பர் வேலைக்காரர்கள் குடியிருந்த லைன் வீடுகளில் ஆறுமுகத்தாயைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் குறைவு. மாங்காய் ஊறுகாய் போட வேண்டுமானாலும், வடகத்துக்கு மாவு கிண்ட வேண்டுமானாலும், கல்யாண வீட்டில் முதல் மஞ்சள் இடிக்க வேண்டுமானாலும் சுத்தக்காரியைக் கூப்பிடு என்பார்கள். அவளும் ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வந்து நிற்பாள்.

பெயர் வந்த காரணம் எளியது. வீட்டுக்குத் தூரமான பெண் அந்த மூன்று நாளும் ஊறுகாய் ஜாடியைத் தொடக்கூடாது, வடகம் காயும் பாய்ப் பக்கம் நிழல் விழ நடக்கக்கூடாது, கோயில் வாசலை மிதிக்கக்கூடாது. லைன் வீட்டுப் பெண்கள் எல்லோருக்கும் மாதத்தில் ஒருமுறை இந்தத் தடை வந்து போகும். ஆறுமுகத்தாய்க்கு மட்டும் வராது. வந்தால் நாலு மாதத்துக்கு ஒருதரம், சில வேளை அரை வருஷத்துக்கு ஒருதரம். எந்த நாளில் கூப்பிட்டாலும் அவள் சுத்தமாக இருந்தாள். தெருவுக்கு அது போதுமாக இருந்தது. ஏன் என்று கேட்கும் அவசரம் யாருக்கும் இல்லை. வசதியாக இருக்கிற ஒன்றைப் பார்த்து மனிதர்கள் ஏன் என்று கேட்பதில்லை.

அவள் ஸ்ரீவைகுண்டத்துப் பக்கம் நெல் விளைகிற ஊரில் பிறந்தவள். புருஷன் செந்தூர்பாண்டி, புதுத் துறைமுகம் கட்டிக்கொண்டிருந்த நாளிலிருந்தே அங்கே பாரம் தூக்கும் வின்ச் ஓட்டினான். கல்யாணமாகி வந்தபோது ஒல்லியாக இருந்தவள், இரண்டு வருஷத்தில் இடுப்பும் தோளுமாகப் பெருத்துவிட்டாள். செந்தூர்பாண்டிக்கு அதில் பெருமை. தன் சம்பாத்தியம் பெண்டாட்டி உடம்பில் தெரிகிறது என்று கூட்டாளிகளிடம் சொல்லிக்கொள்வான். முகத்தில் எப்போதும் கஸ்தூரி மஞ்சள் கனமாக அப்பியிருக்கும். வெள்ளிக்கிழமை விளக்கேற்ற நின்றாள் என்றால் பார்க்கிறவர்கள் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். இப்படி ஒரு மருமகள் கிடைத்ததற்கு மாமியார் சங்கரம்மாள் குழாயடியில் தினமும் ஒரு தடவையாவது நன்றி சொல்லாமல் குடத்தைத் தூக்கியதில்லை.

"எம் மருமவ கை பட்டா ஊறுகா ரெண்டு வருசம் தாங்கும்ளா. அது அம்மன் குடுத்த கை" என்பாள்.

பிள்ளை மட்டும் இல்லை. கல்யாணமான முதல் வருஷம் மூன்று மாதம் தள்ளிப்போனதைப் பார்த்து சங்கரம்மாள் புளிப்பு மாங்காய் வாங்கிவந்து தெரு முழுக்கச் சேதி சொன்னாள். ஐந்தாவது மாதம் ஒரு நாள் காலையில் அந்தச் சேதி பொய்யாகிப் போனது. இன்னொரு தரமும் அப்படியே நடந்தது. அதற்குப் பிறகு மாங்காய் வாங்குவதை நிறுத்திவிட்டார்கள். ஆறுமுகத்தாய் திருச்செந்தூருக்கு நடந்துபோனாள், அரசமரம் சுற்றினாள், ஆத்தூரில் ஒரு வைத்தியர் கொடுத்த கசப்பு லேகியத்தை மூக்கைப் பிடித்துக்கொண்டு விழுங்கினாள். அவளுக்குப் பிள்ளை வேண்டும் என்ற ஆசையைவிட, தனக்கு என்னதான் ஆயிற்று என்று தெரிய வேண்டும் என்ற ஆசை மெல்ல மெல்லப் பெரிதாகிக்கொண்டிருந்தது. தெரியாமல் இருப்பது, செருப்புக்குள் கிடக்கும் உப்புக்கல்லைப் போல நடக்கும்போதெல்லாம் உறுத்தியது.

துறைமுகம் திறந்த மறு வருஷம், ஆனி மாதத்தில், தூத்துக்குடி பெரியாஸ்பத்திரியில் கிருபை என்றொரு டாக்டரம்மா நன்றாகப் பார்க்கிறார் என்று கேள்விப்பட்டுப் பஸ் ஏறினாள். சங்கரம்மாளும் கூடப் போனாள். மருமகளிடம் கேட்கிற கேள்விக்கெல்லாம் மாமியாரே பதில் சொன்னாள்.

கடைசியாக எப்போது வந்தது என்று டாக்டர் கேட்டார். ஆறுமுகத்தாய், பங்குனியிலோ மாசியிலோ என்று விரலை மடக்கி யோசிப்பதற்குள் சங்கரம்மாள் முந்திக்கொண்டாள்.

"அவளுக்கு அந்தத் தொந்தரவெல்லாம் அவ்வளவா கிடையாது டாக்டரம்மா."

மருமகளின் நல்ல குணங்களில் ஒன்றைச் சொல்வது போலத்தான் சொன்னாள்.

"உங்களுக்குத் தொந்தரவு இல்லை. எனக்கு அதுதான் தொந்தரவாத் தெரியுது" என்றார் டாக்டர். பிறகு ஆறுமுகத்தாயின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, பெரியம்மா வெளியே இருக்கட்டும் என்று நர்ஸிடம் சொன்னார். சங்கரம்மாள் போக மனமில்லாமல் போனாள்.

கதவு சாத்தியதும் டாக்டர் பஞ்சில் ஸ்பிரிட்டை நனைத்து அவளுடைய தாடையில் அழுத்தித் துடைத்தார். பஞ்சு மஞ்சளாகியது. இன்னொரு பஞ்சு. மஞ்சளுக்கு அடியில், தாடையோரமும் மேலுதட்டிலும், கறுப்பாகக் குத்து குத்தாக ரோமம். விடியுமுன் எழுந்து நூலால் பிடுங்கியும், பிடுங்க முடியாததை மஞ்சளால் மூடியும் ஐந்தாறு வருஷமாக அவள் ஒருவருக்கும் தெரியாமல் வைத்திருந்த சங்கதி அது. புருஷனுக்குக்கூடத் தெரியாது, தெரிந்தும் அவன் சொன்னதில்லையோ என்னவோ.

ஆறுமுகத்தாய்க்கு அழுகை வரும் என்றுதான் அவளே நினைத்தாள். வந்தது சிரிப்பு.

"எங்கய்யாவுக்கு மீசை பெருசு டாக்டரம்மா. கட்டிக்குடுக்கையில கொஞ்சம் எனக்கும் குடுத்துட்டாவ போல."

டாக்டர் கிருபையும் சிரித்துவிட்டார். சிரித்துக்கொண்டே படுக்கச் சொல்லி வயிற்றை அமுக்கிப் பார்த்தார். உள்ளேயும் கை வைத்துப் பார்த்தார். சினைப்பை இரண்டும் இருக்க வேண்டியதைவிடப் பருமனாக, வழவழப்பாக, கெட்டியாகத் தட்டுப்பட்டன. கர்ப்பம் இல்லை என்பதும் உறுதியாயிற்று.

ஒரே பெண்ணைத் தெருவும் பார்த்தது, டாக்டரும் பார்த்தார். தெரு பார்த்ததில் பொய் ஒன்றும் இல்லை. உடம்பில் சதை இருந்தது, முகத்தில் மஞ்சள் இருந்தது, மாதத் தடை இல்லாமல் இருந்தது. தெரு மூன்றையும் மூன்று வரங்களாக எண்ணிக்கொண்டது. டாக்டர் மூன்றையும் சேர்த்து வைத்து ஒரு சந்தேகமாக ஆக்கினார். இதை மேதைமை என்று சொல்ல வேண்டியதில்லை. படித்ததை மறக்காமல் இருந்தார், கேட்க வேண்டியதைக் கேட்டார், மாமியாரை வெளியே அனுப்பினார். பல இடங்களில் இந்த மூன்றாவதுதான் நடப்பதில்லை.

சந்தேகம் வேறு, முடிவு வேறு என்றும் அவர் சொல்லிவிட்டார். மாதம் நின்றுபோவதற்குப் பல காரணம் உண்டு. நெஞ்சில் வருகிற காசநோய் கர்ப்பப்பையிலும் வரலாம். வந்தால் உள்தோல் தீய்ந்து எதுவும் வராமல் போகலாம். ஆகவே நெஞ்சுக்கு எக்ஸ்ரே எடுத்தார்கள். கர்ப்பப்பையிலிருந்து துளி சுரண்டி மதுரைக்கு அனுப்பினார்கள். சிறுநீரும் ரத்தமும் போயின. செந்தூர்பாண்டியையும் ஒரு சோதனைக்கு வரச் சொன்னார்கள். அவன் இரண்டு நாள் யாருடனும் பேசாமல் இருந்துவிட்டு, மூன்றாம் நாள் ஷிப்ட் முடிந்து நேராக ஆஸ்பத்திரிக்குப் போய் வந்தான். குறை ஒன்றும் இல்லை என்றதும் பழையபடி பேச ஆரம்பித்தான், கொஞ்சம் அதிகமாகவே.

எல்லாவற்றுக்கும் மேலாக டாக்டர் ஒரு மாத்திரைப் பொட்டலம் கொடுத்தார். ஐந்து நாள் போட வேண்டும். போட்டு முடித்தபின் ஒரு வாரம், பத்து நாளுக்குள் தூரம் வர வேண்டும். வந்தால் கர்ப்பப்பை நன்றாக இருக்கிறது, கோளாறு சினைப்பையில்தான் என்று பொருள். வராவிட்டால் வேறு வழியில் தேட வேண்டும், அது அவ்வளவு நல்ல வழியாக இராது. சீக்கிரம் போட்டுவிட்டு வந்து சொல் என்றார். ஆவணி பிறந்தால் அவருக்கு மாற்றல்.

இங்கேதான் சிக்கல் வந்தது. ஆடிக் கொடைத் திருவிழாவுக்கு லைன் வீட்டுக்காரர்கள் அம்மனுக்கு முளைப்பாரி போடுவார்கள். பல ஊரிலிருந்து பிழைக்க வந்தவர்கள் கட்டிய புதுக் கோயில் என்பதால் ஒவ்வொருவர் ஊர் வழக்கத்தையும் சேர்த்துக் கட்டியிருந்தார்கள். கோயிலுக்குப் பின்னாலிருந்த அறையை வெளிச்சம் புகாமல் சாக்கு வைத்து அடைத்து, மண்சட்டிகளில் எருவும் மண்ணும் இட்டு நவதானியம் விதைப்பார்கள். பத்து நாளும் ஒருத்திதான் உள்ளே போய்த் தண்ணீர் தெளிக்கலாம். அவள் சுமங்கலியாக இருக்க வேண்டும். அந்தப் பத்து நாளில் தூரமாகவும் கூடாது. மாதம் நின்ற கிழவிகளில் பெரும்பாலோர் தாலி அறுத்தவர்கள். தாலி கட்டியவர்களுக்குப் பத்து நாள் உத்தரவாதம் இல்லை. இரண்டும் பொருந்தியவள் லைனில் ஒருத்திதான். மூன்று வருஷமாக அவள்தான் அறைக்குள் போனாள், முளைகள் முழ உயரம் வளர்ந்தன, கொடையன்று கோயில் மரியாதையாக முதல் தேங்காய் சங்கரம்மாள் வீட்டுக்கு வந்தது. இந்த வருஷமும் பூசாரி மாசானம் வந்து கேட்டபோது, மருமகளைக் கேட்காமலே சங்கரம்மாள் சரியென்று சொல்லி வெற்றிலை வாங்கிவிட்டாள்.

பேரப்பிள்ளைக்கு ஏங்குகிறவளும் அவளே, முதல் தேங்காய்க்கு ஏங்குகிறவளும் அவளே. இரண்டு ஆசையும் ஒரே நெஞ்சில் ஒன்றையொன்று முட்டாமல் இருந்துகொண்டன.

ஆறுமுகத்தாய் அன்று புருஷனுக்குச் சோறு போட்டுக்கொண்டே கேட்டாள். கொடை முடியட்டும், பிறகு மாத்திரை போடு என்றான் அவன்.

"கொடை முடிஞ்சா டாக்டரம்மா இருக்க மாட்டாவ."

"வேற டாக்டர் வராமலா போயிருவாவ?"

"வருவாவ. அவியகிட்டயும் மொதல்லேருந்து மஞ்சளக் கழுவணும்."

செந்தூர்பாண்டி சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டு அவள் தாடையைப் பார்த்தான். பார்த்ததைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. மறுபடி சோற்றைப் பிசைந்துகொண்டே, "அப்ப தின்னுளா. அம்மைக்குத் தெரியாண்டாம்" என்றான்.

"அம்மனுக்கு?"

"அது ஒங்களுக்குள்ள. பொம்பளையும் பொம்பளையும் பேசிக்கிடுங்க."

அவள் ஐந்து நாளும் மாத்திரையை விழுங்கினாள். விழுங்கிவிட்டு முளைப்பாரி அறைக்கும் போனாள். அது சரியா என்று யோசிக்காமல் இல்லை. நாலைந்து மாதமாக யார் வேண்டியும் கேட்காத உடம்பு ஒரு சுண்டுவிரல் நகம் அகலமுள்ள மாத்திரைக்கா கேட்கப் போகிறது என்று ஒரு கணக்கு. கேட்டாலும் கொடை முடிந்துதான் கேட்கும் என்று இன்னொரு கணக்கு. வராது என்று நம்பி அறைக்குள் போனாள்; வர வேண்டும் என்று வேண்டிக்கொண்டு தண்ணீர் தெளித்தாள். அம்மனும் எதைக் கேட்பது என்று திகைத்திருக்கலாம்.

முளைகள் விரலளவு தாண்டி வளர்ந்திருந்த ஒரு சாயங்காலம், வெளியே பெண்கள் கும்மிக்குக் கூடிக்கொண்டிருந்தார்கள். ஆறுமுகத்தாய் சொம்போடு உள்ளே நின்றாள். அடிவயிற்றில் எப்போதோ தெரிந்த ஒரு வலி புரண்டது. பிறகு தொடையில் ஈரம்.

முதலில் வந்தது சந்தோஷம். இருட்டில் தனியாக நின்று வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். கர்ப்பப்பை தீயவில்லை. அது இருக்கிறது, கேட்கிறது, பதில் சொல்கிறது. அதற்குப் பின்னால்தான் பயம் வந்தது. சட்டிகளில் முளைகள் வெளிறிய மஞ்சளாக, வரிசையாக நின்றன. இவை அழுகினால் தெரு முழுக்க இந்த வருஷத்துக் கஷ்டத்தையெல்லாம் அவள் தலையில் எழுதும். சொல்லாமல் இருந்தால் யாருக்கும் தெரியாது. சுத்தக்காரியை யார் சந்தேகப்படுவார்கள்? சேலையைச் சுற்றிக் கட்டிக்கொண்டு, இன்னும் நாலு நாள் வாயை மூடிக்கொண்டால் தேங்காயும் வந்துவிடும், டாக்டரிடமும் போய்விடலாம்.

சொம்பைக் கீழே வைத்தாள். எதையும் தொடாமல் பின்பக்கமாகவே நடந்து வெளியே வந்தாள். கும்மிக் கூட்டத்தைவிட்டு எட்டி, தனியாக நின்று, மாமியாரைப் பார்த்துச் சொன்னாள்:

"அத்தை, நான் தூரம்."

கும்மிக்குத் தூக்கிய கைகள் அப்படியே நின்றன. சங்கரம்மாள் முகத்தில் முதலில் தேங்காய் போன துக்கம் தெரிந்தது. அவள் வாயைத் திறந்தாள், திட்டத்தான் திறந்திருப்பாள். ஆனால் அதற்குள் அந்தச் சேதி நெஞ்சில் இருந்த மற்ற ஆசையைப் போய் இடித்திருக்க வேண்டும். திறந்த வாயிலிருந்து வந்தது குலவை. நீளமாக, மூச்சு முட்ட, பெண் குழந்தை ஆளானதற்குப் போடுவது போல.

கூட்டத்துக்கு ஒன்றும் புரியவில்லை. அடுத்த வீட்டு சீனித்தாய்தான் முதலில் பேசினாள். அவளுக்கு நாக்கு எப்போதும் கூர்.

"ஏளா சங்கரம்மா, எங்களுக்கெல்லாம் மாசாமாசம் வந்துட்டுப் போவுது, ஒரு நாளாவது குலவை போட்டியா? ஒம் மருமவளுக்கு வந்தா மட்டும் ஊருக்கு அறிவிப்போ?"

சிரிப்புக் கிளம்பியது. சங்கரம்மாளும் சிரித்து, அப்படியே உட்கார்ந்து அழுதாள். மாசானம் ஓடிவந்து தன் தலையில் கை வைத்துக்கொண்டான். அறையை மஞ்சள்தண்ணீர் தெளித்துச் சுத்தம் செய்யலாம், ஆனால் மிச்ச நாளுக்கு யாரை அனுப்புவது என்று ஒவ்வொரு பெண்ணாகப் பார்த்துக் கேட்டான். ஒவ்வொருத்தியும் ஒரு தேதி சொன்னாள். கடைசியில் தேதி சொல்ல ஆள் தீர்ந்தபோது சீனித்தாய் தொண்டையைக் கனைத்தாள்.

"நான் போறேன். எனக்கு நின்னு ரெண்டு வருசம் ஆவுது. கிழவின்னு சொல்லுவியளேன்னு வாயத் தொறக்கல. இனி எவளாவது அத்தைன்னு கூப்பிட்டா நாக்க அறுத்துருவேன்."

முளைகள் இந்த மாற்றத்தைக் கண்டுகொள்ளவில்லை. எப்போதும் போல வளர்ந்தன. சீனித்தாய் தன் கைராசி என்றாள். அம்மன் மன்னித்தாள் என்றான் மாசானம். எருவும் தண்ணீரும் இருட்டும் சரியாக இருந்தன என்று சொல்ல அங்கே யாரும் இல்லை.

கொடையன்று ஆறுமுகத்தாய்க்கு இன்னும் முற்றாக நிற்கவில்லை. முளைப்பாரி ஊர்வலம் போகும்போது, கோயிலுக்கு எதிர்ப்புறம் உப்பு மூட்டை அடுக்கும் கிட்டங்கிச் சுவரோரம் உட்கார்ந்தாள். அன்று தூரமான பெண்கள் எல்லோரும் அங்கேதான் உட்காருவார்கள் என்பது அவளுக்குத் தெரியும். அங்கே என்ன நடக்கும் என்பது தெரியாது. நிலக்கடலை வறுத்து வந்திருந்தார்கள். தலையில் சட்டியோடு விறைத்து நடந்த ஒவ்வொருத்தியின் நடையையும் கேலி செய்தார்கள். பூசாரிக்குச் சாமி வந்தபோது அவன் எந்தக் காலை முதலில் தூக்குவான் என்று பந்தயம் கட்டினார்கள். புதிதாகப் பள்ளிக்கூடம் வந்த பிள்ளையைப் போல அவளுக்கு நடுவில் இடம் விட்டு, கடலையைக் கையில் திணித்தார்கள். திருவிழாவை இவ்வளவு நன்றாக அவள் ஒருபோதும் பார்த்ததில்லை. முன்வரிசையில் இருந்த வருஷங்களிலெல்லாம் சட்டி விழுந்துவிடுமோ என்ற கவலைதான் இருந்தது.

ஆடி முடியுமுன் டாக்டரிடம் போனாள். இம்முறை சங்கரம்மாளும் உள்ளே இருக்கலாம் என்று டாக்டர் விட்டுவிட்டார். மதுரையிலிருந்து வந்த சேதியில் காசநோய் இல்லை. சிறுநீரில் ஆண்களுக்கு அதிகமிருக்கும் சத்து கொஞ்சம் கூடுதல். மாத்திரைக்கு உடம்பு பதில் சொல்லிவிட்டது. சினைப்பை இரண்டும் பெருத்திருப்பது கைக்கே தெரிந்தது. வயிற்றைத் திறந்தோ, பெரிய ஊர்களில் இப்போது செய்வது போல விளக்குக் குழாய் விட்டோ கண்ணால் பார்த்தால்தான் முழு உறுதி. ஆனால் இத்தனையும் ஒரே திசையைக் காட்டும்போது கத்தியை எடுக்கும் அவசரம் தனக்கு இல்லை என்றார். மாதம் ஒரு முட்டை முற்றி வெளியே வர வேண்டும். உனக்குப் பல முட்டைகள் வளரத் தொடங்குகின்றன, ஒன்றும் முற்றுவதில்லை என்று விளக்கினார்.

ஆறுமுகத்தாய் யோசித்தாள். "முளைப்பாரி மாதிரின்னு சொல்லுங்க. எல்லாம் மொளைக்கும், ஒண்ணுலயும் கதிர் வராது."

டாக்டர் தலையை ஒரு பக்கமாகச் சாய்த்தார். முழுக்கச் சரியில்லை, ஆனால் பக்கத்தில் வருகிறது என்றார். ஒரு முட்டையையாவது முற்ற வைக்க இப்போது மாத்திரை இருக்கிறது, பலருக்குப் பிள்ளை தங்குகிறது, எல்லோருக்கும் என்று வாக்குக் கொடுக்க முடியாது. உடம்பைக் குறைத்தால் அது பாதி வைத்தியம். ரோமம் உடனே போகாது. இதற்குப் பெயர் ஸ்டீன் லெவந்தால். அடுத்து வருகிற டாக்டரிடம் அந்தப் பெயரைச் சொன்னால் போதும், மற்றதை அவர் புரிந்துகொள்வார்.

"அது ஊரா டாக்டரம்மா?"

"ரெண்டு டாக்டருங்க. அமெரிக்காவுல. அவங்கதான் முதல்ல இதைச் சேர்த்துப் பார்த்துச் சொன்னாங்க."

"ஆம்பிளைகளா?"

"ஆமா."

பஸ்ஸில் மாமியாரும் மருமகளும் அந்தப் பெயரை மாறி மாறிச் சொல்லி மனப்பாடம் செய்துகொண்டார்கள். முத்தையாபுரம் வருவதற்குள் சங்கரம்மாளுக்கு அது நன்றாக வாயில் உட்கார்ந்துவிட்டது.

மறுநாள் குழாயடியில் சீனித்தாய் கேட்டாள், என்ன சீக்காம் என்று. ஆறுமுகத்தாய் குடத்தை வைத்துவிட்டு மாமியார் பக்கம் திரும்பினாள். முதல் தேங்காய் போன வீட்டு மாமியார் என்ன சொல்லப்போகிறாள் என்று அவளுக்கும் கேட்க வேண்டியிருந்தது.

சங்கரம்மாள் தலையில் குடம் வைக்கும் சும்மாட்டைச் சரி செய்துகொண்டாள்.

"சும்மா சீக்கு இல்லளா. ஸ்டீன் லெவந்தால். ரெண்டு வெள்ளைக்காரன் சேந்து பேரு வெச்சிருக்கான். இந்த லைன்லயே எம் மருமவ ஒருத்திக்குத்தான் இருக்கு."